பணி இடைநிறுத்தக் கடிதம் வந்தால்: மலையக அரச உத்தியோகத்தருக்கான வழிகாட்டி

அரச சேவையில் உள்ள ஒருவருக்குப் பணி இடைநிறுத்தக் கடிதம் வந்த செய்தி வெளியே தெரிந்ததும், "வேலை போய்விட்டதாம்" என்ற பேச்சே தோட்டம் முழுவதும் பரவிவிடுகிறது. விதிகளின்படி நிலைமை அவ்வாறில்லை. அரச உத்தியோகத்தரின் சேவை விதிகளைத் தொகுத்துள்ள தாபன விதிக்கோவையின் இரண்டாம் தொகுதியில் உள்ள 48 ஆம் அத்தியாயம் ஒழுக்காற்று நடைமுறையை வகுக்கிறது. அதன்படி இடைநிறுத்தம் என்பது குற்றச்சாட்டு விசாரிக்கப்படும் காலத்தில் உத்தியோகத்தரைக் கடமையிலிருந்து விலக்கி வைக்கும் இடைக்கால நடவடிக்கையே தவிரத் தண்டனையன்று. பதவி இன்னும் அவருடையதே. ஆயினும் இந்த இடைக்காலம் ஒருவருக்குச் சில மாதங்களில் முடிவதும் மற்றவருக்கு ஆண்டுக்கணக்கில் இழுபடுவதும் குற்றச்சாட்டின் கனத்தை மட்டும் பொறுத்தவை அல்ல. எழுதவேண்டிய கடிதத்தை உரிய நாளுக்குள், உரிய அதிகாரிக்கு, தமக்கு விளங்கும் மொழியில் எழுதாமல் விட்டவர்களின் கோவைகளே பெரும்பாலும் அலுமாரியில் தங்கிவிடுகின்றன. மலையகத்தில் பணியாற்றும் தமிழ் உத்தியோகத்தர்கள் இவற்றில் எங்கெங்கே தவறவிடுகிறார்கள் என்பதை மனத்திற்கொண்டே இவ்வழிகாட்டி எழுதப்படுகிறது.

உங்கள் ஒழுக்காற்று அதிகாரி யார்?

முதற்கேள்வி இதுவே. ஒரே கட்டடத்தில் அருகருகே அமர்ந்து வேலை செய்யும் இருவருக்கு ஒழுக்காற்று அதிகாரி வெவ்வேறாக இருப்பது இலங்கை நிர்வாகத்தில் சாதாரணமானது. தோட்டப்புறப் பாடசாலைகளில் மிகப் பெரும்பாலானவை மாகாணப் பாடசாலைகள் ஆகையால், அவற்றின் ஆசிரியர்கள் மத்திய, ஊவா, சப்ரகமுவ மாகாண நிர்வாகங்களின் கீழ் வருகிறார்கள். தேசியப் பாடசாலை ஆசிரியர்களின் விடயம் மத்திய கல்வி அமைச்சுக்கும் அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கும் செல்கிறது. பிரதேச செயலகத்தில் கடமையாற்றும் முகாமைத்துவச் சேவை உத்தியோகத்தர் தம் பிரதேச செயலாளரின் கீழ் அன்றாட வேலையைச் செய்தாலும், பல திணைக்களங்களுக்கும் பொதுவான இணைந்த சேவையைச் சேர்ந்தவர் என்ற வகையில் இணைந்த சேவைகள் பணிப்பாளர் நாயகத்தின் ஒழுக்காற்று அதிகாரத்துக்கு உட்பட்டவராக இருப்பார். கண்டி தேசிய வைத்தியசாலை மத்திய சுகாதார அமைச்சின் கீழும், தோட்டங்களை அண்டிய பிரதேச வைத்தியசாலைகள் மாகாண சுகாதாரத் திணைக்களத்தின் கீழும் இயங்குகின்றன. அஞ்சல் திணைக்களம் மத்திய அரசுக்குரியது. பிரதேச சபை ஊழியர்கள் மாகாணத்துக்குரியவர்கள்.

இந்த வேறுபாடு ஏட்டளவில் நிற்பதன்று, மேன்முறையீட்டின் பாதையையே மாற்றிவிடுகிறது. மத்திய அரச சேவையில் நியமனம், இடமாற்றம், ஒழுக்காற்று ஆகிய அதிகாரங்கள் அரசியலமைப்பின் 55 ஆம் உறுப்புரையின்கீழ் அரசாங்க சேவை ஆணைக்குழுவிடம் உள்ளன. அது அவற்றில் சிலவற்றைத் திணைக்களத் தலைவர்களுக்கும் செயலாளர்களுக்கும் கையளித்துள்ளது. மாகாண சேவையிலோ 1987 ஆம் ஆண்டின் 42 ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டத்தின் 32 ஆம் பிரிவு இவ்வதிகாரத்தை ஆளுநரிடம் ஒப்படைக்கிறது. ஆளுநர் அதனை மாகாண அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்குக் கையளிக்கலாம். மாகாண ஆசிரியர் ஒருவர் பத்தரமுல்லையில் உள்ள அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கு மேன்முறையீடு அனுப்பிவிட்டுக் காத்திருப்பதும், அது "எமது விடயப்பரப்புக்குள் வராது" என்ற ஒற்றை வரியுடன் திரும்பி வருவதும், அதற்குள் கண்டியிலோ பதுளையிலோ கொடுக்கவேண்டிய மனுவின் காலம் கடந்துவிடுவதும் தவிர்க்கக்கூடிய இழப்புகள். உங்கள் நியமனக் கடிதத்தை எடுத்து, அதில் கையொப்பமிட்டவர் எந்த அதிகாரத்தின் கீழ் கையொப்பமிட்டார் என்பதைப் பாருங்கள். விடை பெரும்பாலும் அங்கேயே இருக்கும்.

தோட்டக் கம்பனிகளில் பணிபுரியும் கணக்கப்பிள்ளை, எழுதுவினைஞர், நலன்புரி உத்தியோகத்தர் ஆகியோருக்கு இங்கு சொல்லப்படுபவை பொருந்தா. அவர்களுடைய விடயம் 1950 ஆம் ஆண்டின் 43 ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டத்துக்கும் தொழில் நியாயசபைக்கும் உரியது. மக்கள் தோட்ட அபிவிருத்திச் சபை, அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் ஆகியவை அரசுக்குச் சொந்தமானவை என்பதால் அங்குள்ளவர்கள் அரச உத்தியோகத்தர் என்று எண்ணுவதும் தவறு. கூட்டுத்தாபன ஊழியருக்கு அந்தந்த நிறுவனத்தின் ஒழுக்காற்று விதிகளும் தொழிற்சட்டமுமே வழி.

எந்தச் சந்தர்ப்பத்தில் இடைநிறுத்துகிறார்கள்?

எல்லா முறைப்பாட்டுக்கும் இடைநிறுத்தம் வருவதில்லை. விதிக்கோவை குற்றங்களை இரண்டு அட்டவணைகளாகப் பிரிக்கிறது. முதலாம் அட்டவணையில் உள்ளவை சேவையிலிருந்து நீக்கும் அளவுக்குப் பாரதூரமானவை. இரண்டாம் அட்டவணையில் உள்ளவை சிறு தண்டனையோடு முடிபவை. அரச பணத்தைக் கையாடல், இலஞ்சம், ஆவணங்களைத் திரித்தல், கடமையில் மதுபோதையில் இருத்தல், மேலதிகாரியின் சட்டபூர்வமான கட்டளைக்கு அடிபணிய மறுத்தல் போன்றவற்றில், முதல்நோக்கில் போதிய சான்று இருப்பின், இடைநிறுத்தம் வரும். ஒருவருக்கு எதிராகக் குற்றவியல் நீதிமன்றத்திலோ, இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவினாலோ வழக்குத் தொடரப்பட்டால் இடைநிறுத்தம் உடனடியாகவே நிகழும் என்று கொள்ளலாம். இலஞ்ச வழக்குகள் இப்போது 2023 ஆம் ஆண்டின் 9 ஆம் இலக்க ஊழல் எதிர்ப்புச் சட்டத்தின்கீழ் நடைபெறுகின்றன.

நம் பிரதேசத்தில் அடிக்கடி எழும் இரண்டு வகைகளைத் தனியே குறிப்பிட வேண்டும். ஒன்று, மாணவரை அடித்ததாக ஆசிரியர் மீது வரும் முறைப்பாடு. கல்வி அமைச்சின் 2005/17 ஆம் இலக்கச் சுற்றறிக்கை உடல்ரீதியான தண்டனையைத் தடைசெய்து நீண்ட காலமாகிறது. தண்டனைச் சட்டக்கோவையின் 308அ பிரிவின்கீழ் சிறுவரைக் கொடுமைப்படுத்தல் குற்றமுமாகும். "பெற்றோரே அடித்துத் திருத்தச் சொன்னார்கள்" என்ற விளக்கம் தோட்டப் பாடசாலைகளில் இன்றும் சொல்லப்படுகிறது. எழுத்தில் அது பாதுகாப்பாக அமையாது, ஒப்புதல் வாக்குமூலமாகவே வாசிக்கப்படும். மற்றையது பணக்குறைவு. தபாலகத்திலோ, பிரதேச சபையின் வருமானப் பிரிவிலோ, பாடசாலை அபிவிருத்திச் சங்கக் கணக்கிலோ தொகை குறைந்திருப்பது கணக்காய்வில் தெரியவந்ததும், நிதிப் பிரமாணம் 104 இன்படி இழப்பு பற்றிய விசாரணை தொடங்குகிறது. உறவினர் நகை அடகு வைத்து அப்பணத்தை மறுநாளே கட்டிவிட்டால் பிரச்சினை தீர்ந்துவிடும் என்று பலர் நம்புகிறார்கள். பணம் திரும்பினாலும் குற்றச்சாட்டு அப்படியே நிற்கும். எந்தக் குறிப்புமின்றிக் கட்டப்பட்ட பணம், எடுத்ததை ஏற்றுக்கொண்டதற்கு அடையாளமாகவும் காட்டப்படும். கட்டத்தான் வேண்டுமெனில், பொறுப்பை ஏற்றுக்கொள்ளாமலும் விசாரணையில் தமக்குள்ள உரிமைகளுக்குப் பாதகமின்றியும் இத்தொகை செலுத்தப்படுகிறது என்று எழுதிக் கையளித்து, பற்றுச்சீட்டைப் பெற்றுக்கொள்ளுங்கள்.

கடிதம் கையில் கிடைக்கும் நாள்

இடைநிறுத்தக் கடிதம் அலுவலகத்தில் நேரே தரப்படலாம். பதிவுத்தபாலில் வீட்டு முகவரிக்கும் வரலாம். இந்த இரண்டாவது வழியில்தான் மலையகத்துக்கே உரிய சிக்கல் ஒன்று இருக்கிறது. பல தோட்டங்களில் லயன் அறைகளுக்குத் தனி முகவரி இல்லை. தோட்டத்தின் பெயர், டிவிஷனின் பெயர் என்று எழுதப்பட்ட தபால், தோட்டக் காரியாலயத்தில் இறங்கி, அங்கிருந்து எவர் கைக்கு எப்போது போகும் என்று சொல்ல முடியாத நிலை இன்னும் தொடர்கிறது. பதிவுத்தபாலை யாரோ கையொப்பமிட்டுப் பெற்றுவிட்டால், உங்களுக்குக் கிடைத்ததாகவே திணைக்களம் எடுத்துக்கொள்ளும். பதிலளிக்கும் காலமும் ஓடத் தொடங்கிவிடும். ஆகவே இடைநிறுத்தம் பற்றிய பேச்சு அடிபடும்போதே, நம்பகமான தபால் விநியோகம் உள்ள முகவரி ஒன்றை, தேவைப்பட்டால் அட்டன், தலவாக்கலை, பண்டாரவளை போன்ற நகரத்தில் உள்ள நெருங்கிய உறவினரின் முகவரியை, தற்காலிகத் தபால் முகவரியாக எழுத்தில் அறிவித்து, அதன் பிரதியில் அலுவலகத்தின் திகதி முத்திரையைப் பெறுங்கள். கடித உறையை எறிந்துவிடாதீர்கள். கடிதத்தில் உள்ள திகதிக்கும் உறையின் தபால் முத்திரையில் உள்ள திகதிக்கும் இடையில் வாரக்கணக்கில் வித்தியாசம் இருப்பது புதிதன்று. பின்னர் காலதாமதம் பற்றிய கேள்வி எழும்போது உங்களுக்குக் கைகொடுப்பது அந்த உறைதான்.

கடிதத்தை வாசிக்கும்போது நான்கு விடயங்கள் கண்ணில் பட வேண்டும்: யார் இடைநிறுத்துகிறார், எந்த விதியின்கீழ், எந்தத் திகதியிலிருந்து, சம்பளம் பற்றி என்ன சொல்லப்பட்டிருக்கிறது. திணைக்களத் தலைவர் அவசரத்தில் இடைநிறுத்திவிட்டுப் பின்னர் ஒழுக்காற்று அதிகாரியின் அங்கீகாரத்தைப் பெறும் முறையும் உண்டு; அவ்வாறெனில் அந்த அங்கீகாரம் பெறப்பட்டதா என்று எழுத்தில் கேட்பது உங்கள் உரிமை. இவற்றில் எது விடுபட்டிருந்தாலும் சண்டையிடும் தொனியில்லாமல், அதே வாரத்தில் ஒரு கடிதம் எழுதிக் கேளுங்கள்.

அதன் பின்னர் ஒப்படைப்பு. சாவிகள், பண்டகசாலைப் பொருட்கள், காசேடு, கோவைகள், அலுவலக அடையாள அட்டை என்று உங்கள் பொறுப்பில் உள்ளவற்றைப் பட்டியலிட்டு, இரண்டு பிரதிகளில் கையொப்பம் பெற்றுக் கையளியுங்கள். மனக்கசப்பில் சாவியை மேசைமீது வைத்துவிட்டு வெளியேறியவர்கள், ஆறு மாதம் கழித்துக் காணாமற்போன அச்சுப்பொறி ஒன்றுக்கும் சேர்த்துப் பதில் சொல்ல நேர்வதுண்டு. கையளித்த பின் அனுமதியின்றி அலுவலக வளாகத்துக்குள் போகாதீர்கள். சக உத்தியோகத்தரைக் கொண்டு கோவைகளின் நிழற்படப் பிரதியை எடுப்பிக்கவும் முயல வேண்டாம். அந்த நண்பருக்கு எதிராக இரண்டாவது ஒழுக்காற்று விசாரணை தொடங்கும். அவர் உங்களுக்குச் சாட்சியாக வருவதும் அத்தோடு நின்றுவிடும். ஒழுக்காற்று அதிகாரியின் அனுமதியின்றி நாட்டை விட்டு வெளியேறுவதும் கூடாது.

சம்பளம், கடன், பிணையாளிகள்

பணமோசடி, இலஞ்சம் போன்ற குற்றச்சாட்டுகளில் சம்பளம் முற்றாக நிறுத்தப்படலாம். ஏனையவற்றில் பாதிச் சம்பளம் வழங்க ஒழுக்காற்று அதிகாரி தீர்மானிக்கலாம். கடிதத்தில் சம்பளம் பற்றி எதுவும் கூறப்படாவிட்டால், குடும்ப நிலைமை, பிள்ளைகளின் கல்வி, சிகிச்சைச் செலவு ஆகியவற்றை விவரித்து விண்ணப்பியுங்கள்.

உண்மையான நெருக்கடி, அரச உத்தியோகத்தருக்குத் திணைக்களம் வழங்கும் இடர்கடனிலும் வங்கிக் கடனிலும் தொடங்குகிறது. சம்பளத்திலிருந்து நேரே கழிக்கப்பட்டு வந்த தவணை நின்றதும், வங்கி பிணையாளிகளிடம் போகும். அந்தப் பிணையாளிகள் பெரும்பாலும் அதே அலுவலகத்திலோ அதே பாடசாலையிலோ பணியாற்றும் நண்பர்கள். அவர்களுடைய சம்பளத்தில் கைவைக்கப்படும் முன்னர் நீங்களே வங்கி முகாமையாளரைச் சந்தித்து, இடைநிறுத்தக் கடிதத்தின் பிரதியைக் கொடுத்து, வட்டியை மட்டும் செலுத்தவோ தவணையைக் குறைக்கவோ எழுத்தில் கேளுங்கள். நாளை விசாரணையில் உங்கள் பக்கம் பேசக்கூடிய சாட்சி இந்தப் பிணையாளிகளில் ஒருவராக இருக்கலாம் என்பதை மறக்க வேண்டாம். விதவைகள் அநாதைகள் ஓய்வூதியப் பங்களிப்பு, அரச ஊழியருக்கான அக்ரஹார மருத்துவக் காப்புறுதி ஆகியவற்றின் நிலை என்னவென்று கணக்குப் பிரிவிடம் எழுதிக் கேட்டு, பதிலைக் கோவைப்படுத்தி வையுங்கள்.

ஆரம்ப விசாரணையும் மொழியும்

குற்றப்பத்திரம் தருவதற்குப் போதிய சான்று உண்டா என்று பார்ப்பதே ஆரம்ப விசாரணையின் நோக்கம். அங்கு நீங்கள் குற்றஞ்சாட்டப்பட்டவராக நிற்பதில்லை. வாக்குமூலம் கொடுப்பவராக இருக்கிறீர்கள். ஆனால் அன்று சொன்ன சொற்கள்தான் பின்னர் குற்றப்பத்திரத்தில் திரும்பி வருகின்றன. இங்கே மொழி ஒரு பக்கத் தகவலாக நிற்காமல் விடயத்தின் நடுவுக்கே வந்துவிடுகிறது. விசாரணை உத்தியோகத்தர் பெரும்பாலும் வேறொரு நகரத்திலிருந்து வரும் சிங்களம் பேசும் அதிகாரி. நீங்கள் பாதித் தமிழிலும் பாதிச் சிங்களத்திலும் சொன்னதை அவர் சிங்களத்தில் எழுதி, கீழே கையொப்பமிடச் சொல்கிறார். பேச்சுவழக்கில் சிங்களம் சரளமாக வரும் என்பதற்காக, அலுவலகச் சிங்களத்தில் எழுதப்பட்ட நான்கு பக்கத்தை ஒருமுறை காதால் கேட்டுவிட்டுக் கையொப்பமிடுவது ஆபத்தானது. "எனக்குத் தெரியாது" என்று சொன்னது "எனக்கு நினைவில்லை" என்று பதிவானால் அதன் விளைவு வேறு.

தமிழ், இலங்கையின் அரச கரும மொழிகளில் ஒன்று. அரசியலமைப்பின் 22 ஆம் உறுப்புரை நிர்வாக மொழிகள் பற்றிக் கூறுகிறது. நுவரெலியா, பதுளை மாவட்டங்களில் பல பிரதேச செயலகப் பிரிவுகள் சிங்களமும் தமிழும் நிர்வாக மொழியாகப் பயன்படவேண்டிய இருமொழிப் பிரிவுகளாக வர்த்தமானியில் அறிவிக்கப்பட்டுள்ளன. எனவே வாக்குமூலத்தைத் தமிழில் உங்கள் கைப்பட எழுதித் தருவதாக முன்கூட்டியே கடிதம் கொடுங்கள். சிங்களத்தில்தான் பதிவாகும் என்ற நிலை ஏற்பட்டால், மொழிபெயர்ப்பாளர் ஒருவரைக் கோருங்கள். அதுவும் கிடைக்காத பட்சத்தில், கையொப்பத்துக்கு மேலே, "இவ்வாக்குமூலம் எனக்குத் தமிழில் விளக்கப்படவில்லை, சிங்களத்தில் வாசிக்கப்பட்டதைக் கேட்டுக் கையொப்பமிடுகிறேன்" என்று தமிழில் எழுதிவிட்டுக் கையொப்பமிடுங்கள். அந்த ஒரு வரியை எழுதுவதற்கு எவருடைய அனுமதியும் தேவையில்லை. குற்றப்பத்திரம் சிங்களத்தில் மட்டும் வந்தால், தமிழ் மொழிபெயர்ப்பைக் கோரி உடனே எழுதுங்கள்; அதே கடிதத்தில், மொழிபெயர்ப்புக் கிடைக்கும் நாளிலிருந்து பதிலளிக்கும் காலத்தைக் கணிக்குமாறும் கேளுங்கள். கேட்டுவிட்டுச் சும்மா இருக்கக் கூடாது. முதலில் தரப்பட்ட திகதிக்குள், மொழிபெயர்ப்புக் கிடைத்ததும் விரிவான பதில் தரும் உரிமையை ஒதுக்கிக்கொண்டு, குற்றச்சாட்டுகளை மறுக்கும் சுருக்கமான பதில் ஒன்றை அனுப்பிவிடுங்கள். மொழி உரிமை மறுக்கப்படுமாயின், 1991 ஆம் ஆண்டின் 18 ஆம் இலக்கச் சட்டத்தின்கீழ் இயங்கும் அரச கரும மொழிகள் ஆணைக்குழுவிடம் முறையிடலாம்.

ஆரம்ப விசாரணை அறிக்கை, கணக்காய்வு வினவல், வரவுப் பதிவேட்டின் பக்கம் போன்றவற்றை 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின்கீழும் கோரலாம். தகவல் அதிகாரி 14 வேலை நாட்களுக்குள் தீர்மானத்தை அறிவிக்க வேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் குறித்தளிக்கப்பட்ட உத்தியோகத்தருக்கும், அதன் பின் தகவலறியும் உரிமை ஆணைக்குழுவுக்கும் மேன்முறையீடு செய்யலாம். நடந்துகொண்டிருக்கும் விசாரணையைக் காரணங்காட்டிச் சில ஆவணங்கள் மறுக்கப்படலாம். எனினும் மறுப்புக் கடிதமும் ஓர் ஆவணமே.

குற்றப்பத்திரத்துக்கான பதில்

குற்றப்பத்திரத்தோடு, உங்களுக்கு எதிரான சாட்சிகளின் பெயர்களும் ஆவணங்களின் பட்டியலும் வரும். பதிலில் ஒவ்வொரு குற்றச்சாட்டையும் இலக்கமிட்டுத் தனித்தனியே ஏற்கிறீர்களா மறுக்கிறீர்களா என்று சொல்ல வேண்டும். உங்கள் சாட்சிகள், ஆவணங்கள், உங்கள் சார்பில் ஆஜராகும் உத்தியோகத்தரின் பெயர் ஆகியவற்றையும் குறிப்பிட வேண்டும். பதில் எழுதுமுன் பட்டியலில் உள்ள ஆவணங்களைப் பார்வையிடவும் பிரதியெடுக்கவும் நேரம் கேளுங்கள்.

மலையகத்தில் இந்தக் கட்டத்தில் செய்யப்படும் பெருந்தவறு மன்னிப்புக் கடிதம். "ஐயா பெரிய மனது வைத்து மன்னித்துவிட்டால் போதும்" என்ற எண்ணத்தில், பெரும்பாலும் உள்ளூர் அரசியல் பிரமுகர் அல்லது சங்கத் தலைவர் ஒருவரின் ஆலோசனையின் பேரில், செய்யாததையும் சேர்த்து ஒப்புக்கொண்டு எழுதிக் கொடுக்கிறார்கள். குற்றத்தை ஏற்றுக்கொண்ட உத்தியோகத்தருக்கு, குற்றப்பத்திரத்தின் மீது சாட்சிகளை அழைத்து நடத்தும் முறைசார் விசாரணை தேவையில்லை. ஒழுக்காற்று அதிகாரி நேரே தண்டனைக் கட்டளையைப் பிறப்பிக்கலாம். மன்னிக்கும் மனம் அவருக்கு இருந்தாலும், ஒப்புக்கொண்ட முதலாம் அட்டவணைக் குற்றத்தைக் கோவையில் வைத்துக்கொண்டு அவரால் பெரிதாக எதுவும் செய்ய இயலாது. தவறு ஓரளவு நடந்திருந்தால், நடந்த பகுதியை மட்டும் துல்லியமாக ஏற்று, நடக்காததை மறுத்து, சூழ்நிலையை விளக்கி எழுதுவதே நேர்மையும் பாதுகாப்புமாகும். அமைச்சரின் செயலாளரிடமிருந்து வரும் தொலைபேசி அழைப்பு எந்தக் கோவையிலும் பதிவாவதில்லை. ஆட்சி மாறினால் அழைத்தவரும் மாறிவிடுவார்.

உங்களுக்காக ஆஜராகுபவரைத் தெரிவு செய்வதில் பெரிய பதவியைப் பார்க்காதீர்கள். தாபன வேலையில் பழுத்த, ஓய்வுபெற்ற பிரதம முகாமைத்துவ உதவியாளர் ஒருவர், உங்கள் துறையைத் தெரியாத பெரிய அதிகாரியைவிட அதிகம் உதவுவார். அவர் அந்தப் பொறுப்பை ஏற்பதற்குத் தகுதியுடையவரா, எவருடைய அனுமதி வேண்டும் என்பதை முன்னரே எழுதிக் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்.

விசாரணைத் தினத்தில் போகாமல் இருந்தால், நீங்கள் இல்லாமலே விசாரணை நடந்து முடியலாம். கண்டிக்கோ பதுளைக்கோ காலை ஒன்பது மணிக்கு அழைப்பாணை வந்தால், மஸ்கெலியாவிலோ லுணுகலையிலோ இருப்பவர் முதல் நாளே புறப்படுவது நல்லது. மண்சரிவினால் பாதை அடைபட்டது போன்ற உண்மையான தடை நேர்ந்தால், அன்றைக்கே தொலைபேசியில் அறிவித்து, மறுநாள் கிராம உத்தியோகத்தரின் உறுதிப்படுத்தலோடு கடிதம் அனுப்புங்கள். ஒவ்வோர் அமர்வின் முடிவிலும் நடவடிக்கைக் குறிப்பை வாசித்துவிட்டே கையொப்பமிட வேண்டும்.

மீளமர்த்தலைக் கோருவது எப்படி?

இடைநிறுத்தப்பட்டவர் விசாரணை முடியும்வரை காத்திருக்கத்தான் வேண்டும் என்ற நம்பிக்கை பரவலாக உண்டு. விசாரணையின் முடிவுக்குப் பாதகமின்றி உத்தியோகத்தரைச் சேவையில் மீள அமர்த்த ஒழுக்காற்று அதிகாரிக்கு அதிகாரம் இருக்கிறது. ஆனால் கேட்காதவருக்கு இது கிடைப்பது அரிது. இவ்விண்ணப்பம் கருணை மனுவாக அமையாமல், இடைநிறுத்தத்துக்குக் காரணமாகக் கூறப்பட்டவை இப்போது நீங்கிவிட்டன என்று காட்டும் மனுவாக அமைய வேண்டும்: ஆவணங்கள் அனைத்தும் விசாரணையாளர் வசம் இருப்பதால் அவற்றை மாற்றும் வாய்ப்பு இல்லை, முக்கிய சாட்சிகளின் வாக்குமூலங்கள் பதிவாகிவிட்டன, முறைப்பாட்டாளர் பணியாற்றும் இடம் தவிர்ந்த வேறோர் இடத்தில் பணியாற்ற நான் ஆயத்தமாக இருக்கிறேன், இத்தனை மாதங்களாகக் குற்றப்பத்திரம் தரப்படவில்லை. கடைசியில் சொன்ன காரணம் வலுவானது. ஆகையால் குற்றப்பத்திரம் தாமதமாகும் ஒவ்வொரு கட்டத்திலும் நினைவூட்டல் கடிதம் எழுதி, திகதி முத்திரையிட்ட பிரதியை வைத்திருங்கள். வேறு இடத்தில் பணியாற்றச் சம்மதிப்பதைச் சிலர் தோல்வியாகக் கருதுகிறார்கள். அட்டனில் குற்றச்சாட்டு எழுந்த ஆசிரியர் வலப்பனையில் பாடம் நடத்திக்கொண்டே விசாரணைக்கு முகம் கொடுப்பது, வீட்டில் சம்பளமின்றி மூன்று ஆண்டு இருப்பதைவிட எவ்வகையிலும் மேலானது.

நீதிமன்ற வழக்கில் விடுதலையானவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். வழக்கில் விடுதலை கிடைத்ததும் மறுநாள் அலுவலகம் போய்க் கையொப்பமிடலாம் என்பதில்லை. குற்றவியல் வழக்குக்கும் ஒழுக்காற்று விசாரணைக்கும் வேண்டிய நிரூபண அளவு வேறு. சாட்சி வராததால் வழக்குத் தள்ளுபடியானாலும் திணைக்களம் தன் விசாரணையைத் தொடரலாம். தீர்ப்பின் உறுதிப்படுத்தப்பட்ட பிரதியைப் பெற்று, அதனை இணைத்து மீளமர்த்தல் விண்ணப்பத்தை ஒழுக்காற்று அதிகாரிக்கு அனுப்புங்கள்.

இறுதிக் கட்டளையும் அதன் பின்னும்

விசாரணையின் முடிவில் குற்றமற்றவர் எனக் கண்டால், பணிக்குத் திரும்புவதோடு இடைநிறுத்தக் காலத்துக்குரிய சம்பளமும் கிடைக்கும். கண்டனம், சம்பள ஏற்றத்தை நிறுத்தல், பதவியிறக்கம் போன்ற தண்டனையோடு மீளமர்த்தப்பட்டால், நிறுத்தி வைக்கப்பட்ட சம்பளத்தை என்ன செய்வது என்பதைக் கட்டளையிடும் அதிகாரியே தீர்மானிக்கிறார். சேவையிலிருந்து நீக்கப்பட்டால் ஓய்வூதியமும் போய்விடும். ஓய்வுபெறும் வயதை நெருங்கியவர்கள், விசாரணை நிலுவையில் இருக்கையில் ஓய்வு பெற்றாலும், ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பின் 12 ஆம் பிரிவின்கீழ் ஓய்வூதியம் குறைக்கப்படவோ நிறுத்தப்படவோ இடமுண்டு என்பதை அறிந்திருக்க வேண்டும்.

மத்திய சேவையில், கையளிக்கப்பட்ட அதிகாரத்தைக் கொண்டு ஓர் அதிகாரி பிறப்பித்த கட்டளைக்கு எதிராக அரசியலமைப்பின் 58 ஆம் உறுப்புரையின்படி அரசாங்க சேவை ஆணைக்குழுவுக்கும், ஆணைக்குழுவின் கட்டளைக்கு எதிராக 59 ஆம் உறுப்புரையின்கீழ் அமைந்த நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்கும் செல்லலாம். இந்நியாயசபையின் நடைமுறை 2002 ஆம் ஆண்டின் 4 ஆம் இலக்கச் சட்டத்தில் உள்ளது. ஆணைக்குழுவின் நடைமுறை விதிகள் முதலில் 2009 பெப்ரவரி 20 ஆந் திகதிய 1589/30 ஆம் இலக்க அதிவிசேட வர்த்தமானியிலும், பின்னர் 2022 டிசம்பரில் 2310/29 ஆம் இலக்க வர்த்தமானியிலும் வெளியாயின. பழைய பிரதியை வைத்துக்கொண்டு மனு எழுதுவதைத் தவிருங்கள். மாகாண சேவையினர் மாகாண ஆணைக்குழுவின் கட்டளைக்கு எதிராக, அம்மாகாணத்தின் நடைமுறை விதிகள் கூறும் வழியில் மேன்முறையிட வேண்டும்.

சமத்துவ உரிமையை மீறும் வகையில் இடைநிறுத்தப்பட்டதாகக் கருதினால், உயர் நீதிமன்றத்தில் 126 ஆம் உறுப்புரையின்கீழ் மனுத்தாக்கல் செய்ய ஒரு மாத காலமே உண்டு. இந்த ஒரு மாதம் மலையகத்தவருக்குப் போதுவதில்லை. சட்டத்தரணியைத் தேடிக் கொழும்புக்கு இரண்டு தடவை போய் வரவே பாதி கழிந்துவிடும். அந்த மாதத்துக்குள் இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்தால், 1996 ஆம் ஆண்டின் 21 ஆம் இலக்கச் சட்டத்தின் 13 ஆம் பிரிவின்படி, அங்கு விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் இந்த ஒரு மாதக் கணிப்பில் சேராது. ஆணைக்குழுவின் பிராந்திய அலுவலகங்கள் கண்டியிலும் பதுளையிலும் உள்ளன. முறைப்பாட்டு இலக்கத்தோடு நின்றுவிடாமல், விசாரணை உண்மையில் நடைபெறுகிறது என்பதைக் காட்டும் கடிதங்களையும் பெற்று வையுங்கள். நீதிமன்றம் அதைக் கேட்கும்.

பணிக்குத் திரும்பிய முதல் மாதத்தில் சுயவிபரக் கோவையைப் பார்வையிட அனுமதி கேளுங்கள். மீளமர்த்தற் கட்டளை அதில் சேர்க்கப்பட்டிருக்கிறதா, இடைநிறுத்தக் காலம் சேவைக்காலமாகக் கணிக்கப்படுவது எழுத்தில் உள்ளதா, அக்காலத்துக்குரிய சம்பள ஏற்றங்கள் இடப்பட்டனவா, விதவைகள் அநாதைகள் ஓய்வூதிய நிலுவை அறவிடப்பட்டதா, அக்காலத்தில் தோற்ற முடியாமற்போன வினைத்திறன்காண் தடைப்பரீட்சைக்குச் சலுகைக்காலம் கோரவேண்டுமா என்பவற்றை ஒவ்வொன்றாகச் சரிபார்த்து, விடுபட்டவற்றைத் திருத்தும்படி தாபனப் பிரிவுக்கும் கணக்காளருக்கும் தனித்தனியே எழுதுங்கள். இடமாற்றம் பெற்று வேறொரு வலயத்துக்குப் போகிறீர்கள் என்றால், கோவை உங்களுக்கு முன் அங்கு போய்ச் சேர்ந்ததா என்று கேட்டு உறுதிசெய்யுங்கள். சம்பளம் அந்தக் கோவையைப் பார்த்துத்தான் தயாராகும்.